எண்ணூர்க் கழிமுகமும் வடசென்னைக் கடலோர நில இழப்பும்

எண்ணூர்க் கழிமுகம் சென்னையின் வட எல்லையில், கொசஸ்தலையாறு வங்கக் கடலில் கலக்கும் இடத்தில் அமைந்த உவர்நீர்ச் சதுப்பு. ஆற்றின் கடைசி வளைவு, வடக்கே பழவேற்காடு ஏரி வரை நீளும் காயல், குறுக்கே ஓடும் பக்கிங்காம் கால்வாய், மழைக்காலத்தில் மணலிப் பக்கத்துத் தாழ்நிலங்களிலிருந்து வடியும் வெள்ளம் எல்லாம் இங்கே ஒன்றுசேர்கின்றன. கழிக்கும் கடலுக்கும் நடுவே ஒடுங்கிய மணல்மேடு ஒன்று உண்டு. இதன் தெற்கே இராயபுரம் முதல் எண்ணூர் வரையிலான கரை, இந்தியாவில் கடலரிப்பு பற்றிய ஆய்வுகளில் மிக நீண்ட காலமாக எடுத்தாளப்படும் கரைகளுள் ஒன்று.

சதுப்பின் சிதைவும் கரையின் அரிப்பும் வழக்கமாகத் தனித்தனித் தலைப்புகளில் எழுதப்படுகின்றன. மீன்வளம், மாசு, சட்டம் என்று முன்னதைப் பிரிப்பார்கள். துறைமுகப் பொறியியல் என்று பின்னதை ஒதுக்குவார்கள். கரையோரமாக நகரும் மணலின் வழியில் பார்த்தால் இரண்டும் ஒரே வரலாறு. மெரினாவில் சேர்ந்த மணலும் திருவொற்றியூரில் கரைந்த கரையும் எண்ணூரில் அடைபட்ட வாயும் ஒரே கணக்கின் வரவு செலவு. அதனால் இங்கே அவை சேர்த்தே எழுதப்படுகின்றன.

அமைப்பு

கொசஸ்தலையாறு ஏறக்குறைய 136 கி.மீ. நீளமுடையது. ஆண்டின் பெரும்பகுதி மணற்படுகையாகக் கிடந்து, வடகிழக்குப் பருவமழையில் மட்டும் பெருகும். 1944இல் கட்டி முடிக்கப்பட்ட பூண்டி நீர்த்தேக்கம் இதன் நீரைச் சென்னையின் குடிநீருக்காகத் தேக்குகிறது. ஏரி நிரம்பி மதகு திறந்தால்தான் கீழே பெருவெள்ளம் வரும். அந்த வெள்ளம் முகத்துவாரத்தில் சேர்ந்த மணல்திட்டை உடைத்துக்கொண்டு போகும்; மற்ற மாதங்களில் கடலின் ஏற்றவற்றம் உள்ளே புகுந்து வெளியே வந்து வாயைத் திறந்து வைத்திருக்கும். இரண்டில் எது தளர்ந்தாலும் வாய் சுருங்கும். உள்ளே நீரோட்டம் தேங்கும். உப்பின் அளவு மாறும். கடலிலிருந்து கழிக்குள் வந்து வளரும் இறால் குஞ்சுகளின் வரத்தும் குறையும்.

கடற்பக்கம் இயங்கும் விசை வேறு. தென்மேற்குப் பருவக்காற்றின் மாதங்களில் அலைகள் கரையைச் சாய்வாக மோதி, மணலைத் தெற்கிலிருந்து வடக்காக நகர்த்துகின்றன. ஐப்பசிக்குப் பின் சில மாதங்கள் திசை மாறும். சென்னை மீனவர்கள் வடக்கு நோக்கி ஓடும் நீரைத் தெண்டி வெள்ளம் என்றும், தெற்கு நோக்கி வருவதை வன்னி வெள்ளம் என்றும் சொல்வார்கள். வலை விடும் நேரமும் இடமும் இதைப் பொறுத்தவை. இரண்டையும் கழித்துப் பார்த்தால் வடக்கே போகும் மணலே அதிகம். ஆண்டுக்கு ஏறத்தாழ 10 லட்சம் டன் என்ற மதிப்பீடு நெடுங்காலமாக நூல்களில் திரும்பத் திரும்ப வருகிறது. பிந்தைய கணக்குகள் இதைக் குறைத்தும் கூட்டியும் சொல்கின்றன. திசையைப் பற்றி மட்டும் யாருக்கும் ஐயமில்லை.

கழியில் பிழைப்பு

காட்டுக்குப்பம், முகத்துவாரக்குப்பம், சிவன்படைக்குப்பம், எண்ணூர்க்குப்பம், தாழங்குப்பம், நெட்டுக்குப்பம் ஆகியவை கழியையும் அதன் வாயை ஒட்டிய கடலையும் நம்பிய மீனவ ஊர்கள். இறால், நண்டு, மடவை, கெளுத்தி ஆகியவை கழியின் முக்கிய வரவு. கடல் கொந்தளிக்கும் நாட்களிலும் கழியில் வலை போடலாம் என்பதால், கடலுக்குப் போகும் குடும்பங்களுக்கும் இது கைகொடுக்கும் நீர்நிலையாக இருந்து வந்துள்ளது.

பழவேற்காட்டுப் பகுதியில் பாடு என்ற முறை நிலைத்திருக்கிறது. ஏரியில் நல்ல வரத்துள்ள இடங்களை, உரிமையுள்ள ஊர்களின் குடும்பங்கள் சீட்டுப் போட்டு முறை வைத்துப் பங்கிட்டுக்கொள்ளும். இன்று ஒருவர் சுத்து வலை கட்டிய இடத்தில் அடுத்த முறை வேறொருவர் கட்டுவார். யாருக்கும் நிரந்தரமாக நல்ல இடமோ கெட்ட இடமோ கிடையாது. ஆய்வாளர்கள் இம்முறையை விரிவாகப் பதிவு செய்துள்ளனர். இதன் பழமை எவ்வளவு என்பதில் கருத்தொற்றுமை இல்லை; எல்லாச் சாதியாருக்கும் இதில் இடமில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

அந்த இடமில்லாதவர்களுள் இருளரும் அடங்குவர். அவர்கள் வலையின்றி இறால் பிடிப்பவர்கள். கழுத்தளவு நீரில் அமர்ந்தபடியே நகர்ந்து, இரண்டு கைகளாலும் சேற்றைத் தடவிக்கொண்டே போவார்கள். விரலில் இறால் துள்ளியதும் அமுக்கிப் பிடித்து, பல்லில் கடித்துத் தொங்கவிட்டிருக்கும் ஓலைப் பறிக்குள் போடுவார்கள். கைகள் மறுபடி சேற்றுக்குப் போய்விடும். பெண்களும் இதில் சமமாக ஈடுபடுகின்றனர். அடிச்சேறு எப்படியிருக்கிறது என்பதைத் தோலால் அறிந்து செய்யும் தொழில் இது. பின்னால் கழியின் அடியில் சாம்பல் படிந்தபோது அதை முதலில் உணர்ந்தவர்கள் இவர்களைப் போலக் கையால் தடவிப் பிடிப்பவர்களாகத்தான் இருந்திருக்க வேண்டும்.

முற்காலம்

கொசஸ்தலையாற்றின் மேற்பகுதி தொல்லியலில் புகழ்பெற்றது. 1863இல் இராபர்ட் புரூஸ் பூட் கண்டறிந்த அத்திரம்பாக்கம், பழைய கற்கால மனிதர் வாழ்ந்த இடமாக உலகெங்கும் அறியப்படுகிறது. அதே ஆற்றின் கழிமுகத்துக்கு அப்படி ஒரு பதிவு வாய்க்கவில்லை. வடக்கே பழவேற்காட்டில் டச்சுக்காரர்கள் 1613இல் கெல்டிரியா கோட்டையைக் கட்டியதிலிருந்துதான் இக்கரையைப் பற்றிய தொடர்ச்சியான ஐரோப்பியக் குறிப்புகள் கிடைக்கின்றன. அவையும் துணி வாணிகத்தைப் பேசும் அளவுக்குச் சதுப்பைப் பேசுவதில்லை.

உப்பும் கால்வாயும்

கிழக்கிந்தியக் கம்பெனி 1805இல் சென்னை மாகாணத்தில் உப்பைத் தன் ஏகபோகமாக்கியது. எண்ணூர், அத்திப்பட்டு, வல்லூர்ப் பக்கத்து உப்பளங்கள் அந்த ஏற்பாட்டுக்குள் வந்தன. உப்பளம் அமைப்பது சதுப்பை மாற்றும் வேலைதான். வரப்பு கட்டி, பாத்தி பிரித்து, ஓத நீரைக் கட்டுப்படுத்த வேண்டும். ஆனாலும் கடல்நீர் உள்ளே வந்து போகும் வழியை அது அடைப்பதில்லை. மழைக்காலத்தில் உப்பளம் வெள்ளத்தில் மூழ்கி நீரைத் தாங்கிக்கொள்ளும். வலசைப் பறவைகளும் அங்கே இறங்கும். பின்னாளில் வந்த மாற்றங்களோடு ஒப்பிடும்போது இந்த வேறுபாடு முக்கியமானது.

நகரத்திலிருந்து எண்ணூர் வரை சுமார் 11 மைல் நீளக் கால்வாய் 1801 முதல் 1806 வரை வெட்டப்பட்டது. பணம் போட்டவர் பேசில் காக்ரேன். அதனால் அது காக்ரேன் கால்வாய் எனப்பட்டது. உப்பும் விறகும் படகில் நகரத்துக்கு வந்தன. 1837இல் அரசு அதை எடுத்துக்கொண்டு வடக்கே நீட்டியது. 1876–78 தாதுவருஷப் பஞ்சத்தின்போது, பஞ்ச நிவாரண வேலையாகக் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பகுதி வெட்டப்பட்டது. 1878இல் அப்போதைய ஆளுநர் பக்கிங்காம் கோமகனின் பெயர் முழுக் கால்வாய்க்கும் சூட்டப்பட்டது. பசித்த மனிதர்கள் கூலிக்காக வெட்டிய அந்த நீர்வழியே, பிற்காலத்தில் தொழிற்சாலைக் கழிவும் எண்ணெயும் கழிமுகத்தை வந்தடையும் பாதையாயிற்று.

எண்ணூர் வெள்ளைக்காரர்களின் ஓய்விடமாகவும் இருந்தது. கழிக்கரையில் தோட்ட வீடுகள் கட்டிக்கொண்டு படகு விடவும் மீன் பிடிக்கவும் வந்தார்கள் என்று பழைய நூல்கள் கூறும்.

துறைமுகமும் மணலும்

இக்கரையின் வரலாற்றில் மிக நன்றாகப் பதிவான காலம் 1861இலிருந்து முதல் உலகப்போர் வரையிலான ஐம்பது ஆண்டுகள். பொறியாளர்கள் ஆண்டுதோறும் கரையை அளந்தார்கள், ஆழம் பார்த்தார்கள், அறிக்கை எழுதினார்கள், ஒருவர் அறிக்கையை மற்றொருவர் மறுத்தார்.

அதற்கு முன் சென்னைக்குத் துறைமுகமே இல்லை. கப்பல்கள் ஆழ்கடலில் நங்கூரமிடும். ஆட்களையும் சரக்கையும் மசூலா படகுகள் கரை சேர்க்கும். ஆணியும் விலாச்சட்டமும் இல்லாமல், பலகைகளைத் தென்னங்கயிற்றால் தைத்துக் கட்டிய படகு அது. அலை தூக்கி மணலில் அறைந்தால் ஆணியடித்த படகு பிளந்துவிடும். தைத்த படகு நெகிழ்ந்து கொடுக்கும். அலையடியைக் கடந்து வந்த ஐரோப்பியப் பயணிகள் பலர் பயத்தோடு இதைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். ஓட்டியவர்களின் திறமையைப் பற்றி அவ்வளவு எழுதவில்லை. படகு கவிழ்ந்தால் மீட்பதற்குக் கூடவே கட்டுமரங்கள் வரும்.

கரை அரிப்பும் அப்போதே இருந்தது. புனித ஜார்ஜ் கோட்டையின் கிழக்குச் சுவர் வரை கடல் வந்த காலம் உண்டு. 1820களின் தொடக்கத்தில் டி ஹேவிலண்ட் என்ற படைப் பொறியாளர் கறுப்பர் நகரத்தின் கடற்கரையோரமாகக் கருங்கல் அணை எழுப்பினார். துறைமுகம்தான் வடக்கே அரிப்பைத் தொடங்கியது என்று பொதுவாகச் சொல்லப்படுவதை மறுப்போர் இந்த அணையைச் சான்றாகக் காட்டுவர். அரிப்பு முன்னரே இருந்தது என்பது உண்மை. துறைமுக வேலை தொடங்கிய 1876க்குப் பின் அது வேறோர் அளவுக்குப் போனது என்பதும் உண்மை. முன்பிருந்தது பருவந்தோறும் வந்து போகும் அரிப்பா, நிலையான பின்வாங்கலா என்பது தீர்மானமாகவில்லை.

1861இல் கரையிலிருந்து கடலுக்குள் ஏறத்தாழ 1,100 அடி நீளத்தில் ஓர் இரும்புப் பாலம் போடப்பட்டது. தூண்களின் மேல் நின்ற பாலம் என்பதால் மணல் அதன் அடியில் தடையின்றிப் போய்வந்தது. புயல்களும் மோதிய கப்பல்களும் அதைச் சேதப்படுத்தின. உண்மையான துறைமுகம் வேண்டுமென்ற கோரிக்கை வலுத்தது. பார்க்ஸ் என்ற பொறியாளரின் வரைவு ஏற்கப்பட்டு, 1875 டிசம்பர் 15 அன்று வேல்ஸ் இளவரசர் (பின்னாளில் ஏழாம் எட்வர்டு) அடிக்கல் நாட்டினார். கரையிலிருந்து இரண்டு கைகள் கடலுக்குள் நீண்டு, முனையில் ஒன்றையொன்று நோக்கி வளைந்து, கிழக்குப் பார்த்த ஒரு வாயிலை விட்டு நிற்கும். பெரும் கான்கிரீட் கட்டைகளை அடுக்கிச் சுவர் எழுப்ப வேண்டும் என்பது திட்டம். வேலை முடியும் தறுவாயில், 1881 நவம்பரில் அடித்த புயல் அரை மைலுக்கும் மேற்பட்ட சுவரைப் பெயர்த்துவிட்டது. மறுபடி கட்டி முடிக்க 1896 ஆயிற்று.

சுவர் நிற்கத் தொடங்கியதுமே அதன் விளைவு தெரியலாயிற்று. வடக்கே போகும் மணல் தெற்குக் கையில் முட்டி நின்றது. கூவம் முகத்துக்கு இருபுறமும் கரை கிழக்கே நகர்ந்தது. 1881 முதல் 1886 வரை ஆளுநராக இருந்த கிராண்ட் டஃப், புதிதாகச் சேர்ந்த இந்த மணல்வெளியின் ஓரமாக உலாச்சாலை ஒன்றை அமைத்து அதற்கு மெரினா என்று பெயரிட்டார். சென்னைக்காரர்கள் பெருமையோடு சொல்லும் அந்தக் கடற்கரையின் சராசரி அகலம் இன்று 300 மீட்டர். உலகின் இரண்டாவது நீளமான கடற்கரை என்ற பட்டம் அதற்குப் பொருந்துமா என்பது அளக்கும் முறையைப் பொறுத்தது. துறைமுகம் இல்லாவிட்டால் இந்த அகலம் வந்திருக்காது என்பதில் மட்டும் ஐயமில்லை.

இம்மாற்றத்துக்கு நல்ல சாட்சி விவேகானந்தர் இல்லம். 1842இல் அமெரிக்காவின் டியூடர் பனிக்கட்டி வாணிக நிறுவனம் கட்டிய கிடங்கு அது. ஐஸ் ஹவுஸ் என்ற பெயர் இன்றும் அந்த வட்டாரத்துக்கு ஒட்டிக்கொண்டிருக்கிறது. பாஸ்டன் பக்கத்து ஏரிகளில் வெட்டிய பனிக்கட்டி கப்பலில் வந்து, மசூலா படகில் கரை சேர்ந்து, மரத்தூளில் பொதிந்து அங்கே வைக்கப்பட்டது. உருகும் சரக்கு என்பதால் கிடங்கு அலைக்கு அருகிலேயே கட்டப்பட்டது. இப்போது அந்தக் கட்டடத்தின் வாசலில் நிற்பவர் கடலைத் தொட, சாலையைக் கடந்து பரந்த மணலில் நடந்தாக வேண்டும்.

தெற்குக் கையின் ஓரம் நிறைந்தபின் மணல் சுவரைச் சுற்றிக்கொண்டு கிழக்கு வாயிலுக்குள் புகத் தொடங்கியது. வாயிலின் ஆழம் ஆண்டுக்கு ஆண்டு குறைந்தது. 1904இல் துறைமுகப் பொறுப்புக் கழகத்தின் தலைவராக வந்த சர் பிரான்சிஸ் ஸ்பிரிங், கிழக்கு வாயிலை அடைத்து வடகிழக்கில் புது வாயில் திறக்கும் பணியை நடத்தினார். 1911 வாக்கில் அது முடிந்தது. மணலின் நடமாட்டத்தை இவர் அளவுக்குப் பொறுமையாகப் பின்தொடர்ந்தவர் அக்காலத்தில் இல்லை எனலாம். சென்னைத் துறைமுகத்தருகே கரையோர மணல் நகர்வதைப் பற்றி அவர் எழுதிய கட்டுரை, லண்டனிலுள்ள சிவில் பொறியாளர் கழகத்தின் வெளியீட்டில் 1913ஐ ஒட்டி வந்தது. அதன்பின் சென்னை உலகத் துறைமுகப் பொறியியல் பாடநூல்களில் எச்சரிக்கை உதாரணமாக நிலைத்துவிட்டது.   

ஸ்பிரிங்கின் அக்கறை துறைமுக வாயிலின் ஆழம். சுவருக்கு அப்பால் வடக்கே மணல் வராமல் போன கரையில் இருந்த குப்பங்கள் அக்காலப் பதிவுகளில் இடம்பெறுவது அரிது. அளந்தவர்களின் சம்பளம் துறைமுகத்திலிருந்து வந்தது என்பதை நினைவில் வைத்தே இக்காலத்துச் சான்றுகளைப் படிக்க வேண்டும்.

வடக்கே அரிப்பு

1914க்கும் 1960களுக்கும் இடைப்பட்ட காலத்துக்கு, கரை பின்வாங்கிக்கொண்டே இருந்தது என்பதற்கு மேல் தொடர்ச்சியான பதிவு குறைவு. ஆய்வுக் கட்டுரைகளில் பரவலாக மேற்கோளாகும் ஒரு கணக்கின்படி, 1876 முதல் 1975 வரையிலான நூறாண்டில் இராயபுரத்துக்கு வடக்கே கரை ஏறத்தாழ 500 மீட்டரும், 1978 முதல் 1995 வரை மேலும் 200 மீட்டரும் பின்வாங்கியது. எந்த இடத்தில், எந்தப் படங்களை வைத்து அளந்தது என்பதைப் பொறுத்து இவ்வெண்கள் வேறுபடுகின்றன. கரை முழுவதற்கும் ஒரே அளவாக இவற்றைக் கொள்ளக்கூடாது.

இந்த எண்களுக்குள் ஊர்கள் இருந்தன. கட்டுமரம் ஏற்றி வைக்கும் மணல், வலை உலர்த்தும் வெளி, அதன் பின்னால் வீடுகள் என்பது மீனவக் குப்பத்தின் அமைப்பு. அரிப்பு முதலில் கொள்வது அந்த மணலை. கட்டுமரம் ஏற்ற இடமில்லாதபோதே தொழில் பாதி போய்விடும். வீடு விழுவது அதற்குப் பின்புதான். திருவொற்றியூர், எண்ணூர் வட்டாரத்தின் முதியோர் இப்போது கடலுக்குள் இருக்கும் தெருக்களையும் கோயில்களையும் இடம் சுட்டிச் சொல்வதுண்டு.

அரசு செய்தது கருங்கல் கொட்டுவது. கல்லணை அதன் பின்னாலிருக்கும் சாலையைக் காக்கும். முன்னாலிருக்கும் மணலைத் திருப்பித் தராது. கல்லில் மோதித் திரும்பும் அலை அடிமணலையும் இழுத்துக்கொண்டு போகும். இதனால் கல் போட்ட இடத்தில் நின்ற அரிப்பு, கல் முடியும் இடத்துக்கு வடக்கே தொடங்கியது. அங்கும் கல் போட வேண்டியதாயிற்று. 2004ஐ ஒட்டி இராயபுரத்துக்கும் எண்ணூருக்கும் இடையே, மணலைப் பிடித்து நிறுத்தக் கடலுக்குள் நீட்டும் கல் சுவர்களான தூண்டில் வளைவுகள் கட்டப்பட்டன. சில இடங்களில் அவற்றுக்கிடையே மணல் சேர்ந்து சிறு கரைகள் உருவாயின. அந்த மணல் போய்ச் சேராததால் அரிப்பு எண்ணூர் முகத்துவாரத்தை நோக்கி நகர்ந்தது என்பது மீனவ அமைப்புகளின் வாதம். வளைவுகளை வடிவமைத்தவர்கள் பயனே மிகுதி என்பர்.

மின்நிலையங்களும் சாம்பலும்

மணலியிலும் எண்ணூரிலும் 1960களில் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலை, உரத் தொழிற்சாலைகள் வரத் தொடங்கின. எண்ணூர் அனல்மின் நிலையத்தின் முதல் அலகு 1970இல் இயங்கியது. 450 மெகாவாட் திறன் கொண்ட அந்நிலையம் 2017இல் மூடப்பட்டது. கழியின் வடகரையில் வடசென்னை அனல்மின் நிலையம் 1994 முதல் படிப்படியாக இயங்கியது. அருகிலேயே 1,500 மெகாவாட் வல்லூர் நிலையம் 2010களில் வந்தது.

அனல்மின் நிலையம் சதுப்பை மூன்று வகையில் தொடுகிறது. கட்டடத்துக்கும் சாம்பல் குளத்துக்கும் வேண்டிய நிலத்தைச் சதுப்பிலிருந்து எடுக்கிறது. குளிர்விக்கும் நீரை இழுத்துச் சூடாக வெளியே விடுகிறது. நிலக்கரிச் சாம்பலை நீரில் கரைத்துக் குழாய் வழியே செப்பாக்கம் பக்கத்துச் சாம்பல் குளத்துக்கு அனுப்புகிறது. இம்மூன்றில் மிகுந்த சேதம் செய்தது மூன்றாவது. குழாய்கள் கழியைக் கடந்து போகின்றன. அவை துருப்பிடித்து விரிசல் விட்ட இடங்களில் சாம்பற்குழம்பு பீறிட்டு ஆற்றில் கலந்தது. இது ஒரு முறை நடந்த விபத்து அன்று. பல ஆண்டுகள் தொடர்ந்தது.

சாம்பல் படிந்த கழியைப் பார்த்தவர்கள் அதன் நிறத்தை மறப்பதில்லை. வற்றத்தின்போது கறுப்பாகத் தெரிய வேண்டிய சேறு வெளிர்சாம்பலாகக் கிடக்கும். அலையாத்திச் செடிகளின் மூச்சுவேர்கள் நுனிவரை பூசப்பட்டிருக்கும். மேல்படலம் காய்ந்து ஓடுபோல வெடித்திருக்கும். கால் வைத்தால் சேறு மாதிரிப் பிடிக்காது, மாவு மாதிரிச் சரியும். அதில் நண்டு வளை தோண்டாது. படுகை மேடானதால் படகும் தட்டியது; ஆழம் தேடி வலை போட்ட இடங்கள் நடந்தே கடக்கும் இடங்களாயின.

மீனவர்களின் வழக்கில் 2022இல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு, சாம்பல் மாசுக்கு மின்வாரியத்தின் பொறுப்பை உறுதிசெய்து கழியை மீட்கும் நடவடிக்கைகளுக்கு உத்தரவிட்டது.

நிலப்படத் தகராறு

1991இல் வந்த கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கையின்கீழ் ஒவ்வொரு மாநிலமும் தன் கரைக்கு மேலாண்மைத் திட்டப் படம் வரைய வேண்டும். தமிழ்நாட்டின் படத்துக்கு 1996இல் மத்திய அரசு ஒப்புதல் தந்தது. அப்படத்தில் எண்ணூர்க் கழியைச் சேர்ந்த ஏறத்தாழ 6,500 ஏக்கர் கட்டுமானம் கூடாத நீர்ப்பரப்பாகவும் சதுப்பாகவும் குறிக்கப்பட்டிருந்தது. பின்னாளில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் பெறப்பட்ட மற்றொரு படத்தில், 1997ஆம் ஆண்டினது என்று சொல்லப்படுவதில், அந்தப் பரப்பின் பெரும்பகுதி அப்படிக் காட்டப்படவில்லை. இரண்டாவது படம் எப்படி வந்தது, முறையான ஒப்புதல் பெற்றதா, எதை நம்பி அனுமதிகள் தரப்பட்டன என்பவை நீண்ட வழக்குகளுக்கு இடமாயின. ஆக்கிரமிப்பு நடக்கவில்லை, சட்டப்படி ஒதுக்கிய நிலத்தில்தான் கட்டடங்கள் எழுந்தன என்பது அரசு நிறுவனங்களின் நிலை. ஆயிரம் ஏக்கருக்கு மேல் கழி நிரவப்பட்டுவிட்டது என்பது செயற்பாட்டாளர்களின் கணக்கு. எண்ணிக்கை எதுவானாலும், ஓதம் ஏறி இறங்கிய இடங்களில் இன்று நிலக்கரி மேடுகளும் சாலைகளும் இருப்பதைக் கண்ணால் காணலாம்.

2015 டிசம்பர்ப் பெருவெள்ளம் இத்தகராறுக்குப் பொதுமக்கள் கவனத்தைத் தந்தது. வெள்ளம் விரிந்து நிற்கும் இடத்தை அடைத்தால் அது எங்கே போகும் என்ற கேள்வியை அதுவரை மீனவர்கள்தான் கேட்டுக்கொண்டிருந்தார்கள். 2017இல் டி. எம். கிருஷ்ணா பாடிய ‘சென்னை புறம்போக்குப் பாடல்’ எண்ணூரின் சாம்பற்படுகைகளிலேயே படமாக்கப்பட்டு, கழியின் பெயரைக் கேள்விப்படாதவர்களிடமும் அதைக் கொண்டு சேர்த்தது.

புதிய துறைமுகங்கள்

நிலக்கரி இறக்குவதற்கென முகத்துவாரத்துக்கு வடக்கே 2001இல் எண்ணூர்த் துறைமுகம் திறக்கப்பட்டது. 2014 முதல் காமராசர் துறைமுகம் எனப்படுகிறது. நூற்றிருபத்தைந்து ஆண்டுக்கு முன் சென்னையில் நடந்தது இங்கே மறுபடி நடந்தது. மணல் தெற்குச் சுவரில் தேங்கியது. இம்முறை தேங்கிய இடம் கடற்கரைப் பூங்காவுக்கு உரிய வெளி அன்று, ஓர் ஆற்றின் வாய். முகத்துவாரம் அடிக்கடி அடைபட, மணலை வாரி வழிவிடுவது ஓயாத வேலையாயிற்று. துறைமுகம் கட்டும்போது தோண்டிய மணலைக் கரைக்கு ஊட்டமாகக் கொட்டினார்கள் என்பதைப் பொறியாளர்கள் சுட்டிக்காட்டுவர். ஸ்பிரிங்கின் கட்டுரையைப் படித்தவர்கள்தாம் அத்துறைமுகத்தின் வரைபடத்தைப் போட்டார்கள் என்பதையும் அது காட்டுகிறது. கொட்டிய மணல் நிலைத்ததா என்பது வேறு.

அதற்கும் வடக்கே காட்டுப்பள்ளியில் 2010களின் தொடக்கத்தில் கப்பல் கட்டும் தளமும் துறைமுகமும் எழுந்தன. அங்கிருந்த மீனவக் குப்பம் இடம் மாறியது. துறைமுகத்துக்கு வடக்கே அரிப்பு மிகுந்துள்ளது. அங்கே கடலுக்கும் பழவேற்காட்டுக் காயலுக்கும் நடுவே இருப்பது ஒடுங்கிய மணல்மேடு. அது அறுந்தால் கடலும் காயலும் கலந்துவிடும் என்ற அச்சம் காட்டுப்பள்ளித் துறைமுக விரிவாக்கத் திட்டத்தை எதிர்ப்போரின் முதன்மை வாதம். சுமார் 6,000 ஏக்கருக்கு விரிக்கும் அத்திட்டம் பற்றி முடிவு எட்டப்படவில்லை.

அண்மைக்காலம்

2017 ஜனவரி 28 அதிகாலையில் காமராசர் துறைமுகத்துக்கு அருகே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கசிந்தது. மீனவர்களும் தன்னார்வலர்களும் வாளியால் அள்ளிய படங்கள் நாடெங்கும் வெளியாயின. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலிப் பகுதியிலிருந்து எண்ணெய் பக்கிங்காம் கால்வாய் வழியே கழியை வந்தடைந்தது. எண்ணெயின் அளவு குறித்தும் பொறுப்பு குறித்தும் முதல் நாட்களில் வேறுபட்ட கூற்றுகள் வந்தன. பசுமைத் தீர்ப்பாயம் தானாகவே வழக்கை எடுத்துக்கொண்டது.

தென் அமெரிக்காவைத் தாயகமாகக் கொண்ட ஒருவகைச் சிப்பி அண்மை ஆண்டுகளில் எண்ணூரிலும் பழவேற்காட்டிலும் பரவியிருக்கிறது. மீனவர்கள் இதைக் காக்கா ஆழி என்கிறார்கள். படுகையில் பாய்போலப் படர்ந்து இறால் மேயும் சேற்றை மூடுகிறது. கப்பல்களின் நிலைநிறுத்த நீரோடு வந்திருக்கலாம் என்று கருதப்படுகிறது. அதை வாரி அகற்றும் வேலையை நீர்வளத் துறை மேற்கொண்டது. பழவேற்காட்டு ஏரியின் முகத்துவாரத்தில் வாயை நிலையாகத் திறந்து வைக்க இருபுறமும் கல் சுவர் கட்டும் பணி மேற்கொள்ளப்பட்டது. அச்சுவர்களுக்கு வடக்கே கரை எப்படி மாறும் என்பதை அளக்கச் சில பருவங்கள் போதாது.